டென்மார்க்காரியின் குரல்

நேற்று காபி மெஷினைச் சுத்தம் செய்ய வினிகரை ஊற்றிக் கொதிக்கவிட்டேன். "இட் ஸ்டிங்க்ஸ், அப்பா" என்று மகள் மூக்கைப் பிடித்துக்கொண்டு ஓடினாள். எனக்கோ டென்மார்க்காரியின் ஞாபகம் வந்துவிட்டது. மனைவியிடம் சொல்லவில்லை, இந்த வயதில் ஒரு நடிகைக்காக விளக்கம் கொடுக்க உடம்பில் தெம்பில்லை.

பழைய ஃபிலிம் கெட்டுப்போனால் வினிகர் வாடை அடிக்கும். ஃப்ரீமான்ட்டுக்கு வந்த புதிதில் நானும் அறைத்தோழன் குமரேசனும் சனிக்கிழமைகளில் போய் உட்கார்ந்த சின்ன ஹாலில் அந்த வாடைதான். ஊமைப்படம் மட்டும் போடுவார்கள். வாரம் முழுக்க ஆங்கிலத்தில் அடிவாங்கிய எங்களுக்கு, யாரும் பேசாத அமெரிக்கா அது ஒன்றுதான். அங்கேதான் அவள் அறிமுகம். கோபன்ஹேகனில் நாடகம், பெர்லினில் பெயர், பிறகு ஹாலிவுட். கோபம் வந்தால் கையுறையை மெதுவாகக் கழற்றுவாள். எதிரில் நிற்பவன் தொலைந்தான். பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை. டென்மார்க்காரி என்றே வைத்துக்கொண்டோம்.

படங்கள் பேசத் தொடங்கியதும் அவள் உச்சரிப்பு ஆகாது என்றார்களாம். கடைசிப் படத்தில் கேமராவுக்கு வெளியே இன்னொருத்தியை நிறுத்திப் பேசவைத்தார்களாம். அதோடு ஊர் திரும்பிவிட்டாள். புரொஜெக்டர் ஓட்டும் பெரியவர் இதைச் சொன்னபோது நான் சிரித்தேன். குமரேசன் சிரிக்கவில்லை.

திருநெல்வேலிக்காரன். புரோகிராம் எழுதினால் பிழை இருக்காது. ஃபோனில் ஆங்கிலம் என்றால் வாக்கியம் பாதியில் நின்றுவிடும். அப்போது அவனுக்கு வேலை போயிருந்தது. மூன்று வாரத்தில் வேறு வேலை கிடைக்காவிட்டால் நாட்டைவிட்டுக் கிளம்ப வேண்டும். டெக்சாஸ் பக்கம் இர்விங்கில் ஒரு கம்பெனி ஃபோன் இன்டர்வியூ வைத்தது.

"நீ பேசு மக்கா. வேலய நான் பாத்துக்கிடுதேன்" என்றான்.

அந்த நாளில் நம்மவர்களிடையே நடக்காத காரியமல்ல. அவன் பதில்களைத் தாளில் எழுதி நீட்ட நீட்ட, நான் அவனாகப் பேசினேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். மேனேஜர் டெக்சாஸ் வெயில் தாங்குமா என்று கேட்டார். நான் சும்மா இருப்பேனா? மெட்ராஸ் வெயிலை வைத்து ஒரு ஜோக் சொன்னேன். மனிதர் விழுந்து விழுந்து சிரித்தார். இன்னொன்று சொன்னேன். எதிரே குமரேசன் வாயைப் பொத்திக் காட்டிக்கொண்டே இருந்தான். சிரிப்பொலி கேட்ட பிறகு நான் எங்கே அவனைப் பார்த்தேன்?

வேலை கிடைத்தது. முதல் நாள் மேனேஜர் டீமையே கூட்டிவைத்து, அந்த வெயில் ஜோக்கை இவர்களுக்கும் சொல் என்றாராம்.

சாயங்காலம் ஃபோன் செய்தான். "இன்டர்வியூல பேசுனது நாந்தானான்னு கேட்டாங்க மக்கா. இல்லன்னுட்டேன்." ஃபோனை வைக்கும்முன், "நீ நல்லாத்தான் பேசுன" என்றான். திட்டியிருந்தால் எனக்கு ஆறியிருக்கும்.

அடுத்த வாரம் ஊருக்கு விமானம் ஏறினான். இரண்டு மெயில் வந்தது. பிறகு அதுவும் இல்லை.

அந்த ஹால் இப்போது பல் டாக்டர் கிளினிக். டென்மார்க்காரியின் கடைசிப் படம் இன்டர்நெட்டில் கிடைக்கிறது. வசனத்தைத் தனி இசைத்தட்டில் பதிந்த காலம், தட்டு தொலைந்துவிட்டதாம். உதடு மட்டும் அசைகிறது. நேற்று ராத்திரி அதை முழுதும் பார்த்து முடித்தேன். குமரேசனின் முகமும் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. குரல்தான் வரமாட்டேன் என்கிறது. எவ்வளவு காதைத் தீட்டினாலும், நான் அந்த வெயில் ஜோக்கைச் சொல்வதுதான் கேட்கிறது.