நான் தளர்த்திய நாலு கம்பிகள்

அண்ணி எங்கள் வீட்டுக்கு மருமகளாக வந்த மறுநாள், அவருடைய டபுள் பேஸ் வாத்தியம் தனியாக ஒரு டெம்போவில் வந்து இறங்கியது. பச்சைக் கான்வாஸ் உறைக்குள் ஆள் உயரத்துக்கு மேல் இருந்தது. சேலம் அம்மாபேட்டையில் எங்கள் தெருவே கூடி வேடிக்கை பார்த்தது. "ஏனுங்க, சீதனமா பீரோ வந்திருக்குதுங்களா?" என்று எதிர்வீட்டு அக்கா கேட்டே விட்டார். உறையைப் பிரித்ததும், "அடி ஆத்தீ, இத்தாம்பெரிய வயலினா!" என்று வாயைப் பிளந்தார். எங்கள் வீட்டில் இரண்டு கைத்தறிகள். அவற்றுக்கு நடுவில்தான் அதை நிறுத்த இடம் கிடைத்தது.

அண்ணிக்கு மோகனூர். சென்னைக்கு வயலின் படிக்கப் போனவரை, உயரத்தைப் பார்த்து இதன் பக்கம் தள்ளிவிட்டார்களாம். "ஒசரமாப் பொறந்தது எந் தப்புங்களா?" என்று சொல்லிச் சிரிப்பார். ஆனால் வில்லைக் கையில் எடுத்துவிட்டால் அந்தச் சிரிப்பெல்லாம் போய்விடும். அவர் அடிக் கம்பியை இழுக்கும்போது, தறிக்குழியில் மிதித்துக்கொண்டிருக்கும் என் உள்ளங்கால் அதிரும். முதலில் எரிச்சலாக இருந்தது. பிறகு அந்த அதிர்வு வராத நாளில் எனக்கு நெசவே ஓடவில்லை. பத்தொன்பது வயதான என்னைப் பெரிய மனுஷியாக மதித்துப் பேசிய முதல் ஆள் அண்ணிதான். அவர் மேல் எனக்கு அப்படியொரு ஆசை.

கல்யாணமான இரண்டாம் வருஷம், சென்னையில் ஒரு பெரிய ஆர்கெஸ்ட்ராவில் டபுள் பேஸுக்கு நிரந்தர இடம் ஒன்று காலியானது. வாசித்துக் காட்டித்தான் சேர வேண்டும். ஆயுசுக்கு ஒருமுறை வருகிற வாய்ப்பு என்று அண்ணி ஆறு மாதம் பேய் மாதிரி பழகினார். விரல் நுனியெல்லாம் காய்த்துப்போயிற்று. கிளம்புவதற்கு முந்தின நாள் சாயங்காலம், தைக்கக் கொடுத்த ரவிக்கையை வாங்க அவர் கடைக்குப் போயிருந்தார். அந்த அரைமணி நேரத்தில்தான் என் கை சும்மா இருக்காமல் போனது.

தறியில் வேலை முடிந்ததும் பாவு நூலைத் தளர்த்திவிட்டு எழுந்திருப்பது எங்கள் வழக்கம். இறுக்கமாகவே விட்டால் இழை சோர்ந்துபோகும். அன்றும் என் பாவைத் தளர்த்திவிட்டு நிமிர்ந்தேன். பக்கத்தில் அந்த நாலு கம்பிகளும் விறைத்துக்கொண்டு நின்றன. இதுவும் பாவம், நாளைக்கு இத்தனை தூரம் போகணுமே என்று தோன்றியது. தலைப்பக்கத்துச் சாவிகளைத் திருகி நாலையும் தளர்த்தினேன். கம்பிகளைத் தாங்கிய குதிரை சரிந்து விழுந்தது. உள்ளே 'டொக்' என்று ஏதோ உருண்டது. உறையைப் போட்டு மூடிவிட்டு, ஒன்றும் தெரியாதவள் போல அடுப்படிக்குப் போய்விட்டேன்.

அண்ணி வந்து உறையைத் தூக்கினார். டார்ச் அடித்து ஓட்டை வழியாக உள்ளே பார்த்தார். மேல் பலகைக்கும் அடிப்பலகைக்கும் நடுவே ஒரு மரக்குச்சி நிற்குமாம். அதற்குப் பசை கிடையாது, கம்பிகளின் இறுக்கம்தான் பிடிமானம். அது விழுந்தால் நாதமே போய்விடும். அண்ணனோ, "சேலத்து வெயிலுக்கு மரம் வளைஞ்சு வாங்கிக்கிச்சு" என்று தீர்ப்பே சொல்லிவிட்டான். நானும் தலையை ஆட்டினேன். அண்ணி யாரையும் ஒன்றும் கேட்கவில்லை. அப்போதே வண்டி பிடித்து, வாத்தியத்தோடு சென்னைக்குக் கிளம்பினார். நாலு நாள் கழித்துத் திரும்பி வந்து, "கெடைக்கலீங்க அத்தை" என்று அம்மாவிடம் சொன்னார்.

பிறகு அவர் எங்கள் முன்னறையிலேயே வகுப்பு ஆரம்பித்தார். மல்லசமுத்திரத்திலிருந்து லாரி பாடி கட்டுகிறவரின் மகள் வந்தாள். செவ்வாய்ப்பேட்டை ஜவுளிக்கடை பாய் தன் பையனைக் கொண்டுவந்து விட்டார். "கையில வலுவக் காட்டாத சாமி, ஒடம்போட கனத்தக் குடு" என்பதை ஒரு நாளைக்கு நூறு முறையாவது சொல்லியிருப்பார். டீ கொண்டுபோய் வைத்த கையோடு நான் தலை நிமிராமல் அடுப்படிக்குத் திரும்பிவிடுவேன். மேடையில் இருக்க வேண்டியவரை இங்கே கொண்டுவந்து நிறுத்தியவள் நான்தானே! இருபத்திரண்டு வருஷம் இதை நான் யாரிடமும் சொல்லவில்லை.

அந்த மல்லசமுத்திரத்துப் பெண்ணுக்குப் போன மாதம் அதே ஆர்கெஸ்ட்ராவில் இடம் கிடைத்தது. முதல் கச்சேரிக்கு நானும் அண்ணியும் போயிருந்தோம். "எங்க மிஸ் நிக்க வேண்டிய எடம்ங்க இது" என்று அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னாள். அதற்கு மேல் என்னால் தாங்க முடியவில்லை. மறுநாள் திரும்பும் வழியில், ஆத்தூரில் பஸ் டீக்கு நின்றபோது அழுதுகொண்டே எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன்.

"அன்னிக்கே தெரியுஞ் சாமி" என்றார் அண்ணி. "நாலு கம்பியும் ஒரே அளவாத் தளந்து கெடந்துச்சு. வெயிலு அப்படிப் பண்ணுமா? தறிக்காரி கைதான் பண்ணும்."

"ஏன் அண்ணி என்னை ஒரு வார்த்தை கேக்கலை?"

"கேட்டா நீ அளுவே. எனக்கு நேரமாச்சு. அப்புறம் நீயாச் சொல்லுவேன்னு பாத்தேன். இத்தன வருசம் ஆவும்னு யாரு கண்டா? மொத நாள் கிளாசுல எல்லாப் புள்ளைங்களுக்கும் உன் கதையத்தான் சொல்லுவேன். கம்பி மாத்தறதுன்னா ஒவ்வொண்ணாத்தான் மாத்தோணும், எங்க நாத்தனா மாதிரி நாலையும் தளத்தக் கூடாதுன்னு."

அடக் கடவுளே! ஊருக்கே தெரிந்த ரகசியத்தையா நான் இத்தனை காலம் மென்று முழுங்கிக்கொண்டிருந்தேன்! டீ கொண்டுபோகும்போதெல்லாம் அந்தப் பிள்ளைகள் கமுக்கமாகச் சிரித்தது இதற்குத்தானா?

"என்னாலதானே அந்த வேலை போச்சு?"

அண்ணி பன்னைப் பிய்த்து டீயில் நனைத்தார். "அந்தக் குச்சி நீ தளத்தறதுக்கு முன்னயே எடம் மாறி நின்னுருந்துச்சு சாமி. சென்னையில அதச் சரியான எடத்துல நிறுத்திக் குடுத்தாங்க. அன்னிக்கு வாசிச்ச மாதிரி நான் அதுக்கு முந்தியும் வாசிச்சதில்ல, அப்புறமும் வாசிச்சதில்ல."

"அப்புறம் ஏன் கெடைக்கலை?"

"எனக்கு முன்னால வாசிச்சவன் என்னைய விட நல்லா வாசிச்சான். அவ்வளவுதான்."

எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. இதை முன்பே சொல்லித் தொலைத்திருக்கக் கூடாதா என்று கோபமும் வந்தது. கண்டக்டர் விசில் ஊதினார். பஸ் கிளம்பியதும் அண்ணியின் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டேன். சேலம் வந்ததே தெரியவில்லை.