அண்ணன் ரத்தம் ஆகாது

கர்ப்பப்பையில் கட்டி. மாதக்கணக்கில் உதிரம் போய் நான் வெளுத்துக் கிடந்தேன். ஆபரேஷனுக்கு முன்னால் ரத்தம் ஏற்றியே ஆக வேண்டும் என்று கோயம்புத்தூர் ஆஸ்பத்திரியில் சொன்னபோதுகூட எனக்குக் கவலை வரவில்லை. எனக்கும் அண்ணனுக்கும் ஒரே பி பாசிட்டிவ். என்னோடு வேலை பார்க்கும் டீச்சர்கள் கொடுக்க வருகிறோம் என்றார்கள். "கூடப் பொறந்தவன் குத்துக்கல்லாட்டம் இருக்கறப்ப ஊரார் ரத்தம் எதுக்குங்க?" என்று நானே தடுத்துவிட்டேன்.

அண்ணன் பெருந்துறையிலிருந்து வந்து இறங்கிய கோலத்தைப் பார்க்க வேண்டுமே! வெள்ளை வேட்டி, தோளில் துண்டு, கையில் தட்டு நிறையப் பழம், அதன்மேல் எனக்கொரு சேலை. பின்னாலேயே பங்காளிகள் மூன்று பேர். எங்கள் பக்கம் கூடப் பிறந்தவன் சீர் இல்லாமல் பெண்ணுக்கு எதுவும் நடக்காது, சரி. அதற்காக ரத்தம் கொடுக்கவுமா தட்டு? வார்டே வேடிக்கை பார்த்தது. எனக்கு வெட்கமாகவும் இருந்தது, பெருமையாகவும் இருந்தது.

"ஏனுங்க டாக்டரம்மா, எவ்வளவு வேணுமோ எடுத்துக்கங்க" என்று சட்டைக் கையை மடித்துவிட்டார் அண்ணன்.

வார்டுக்கு வந்திருந்த ரத்த வங்கி டாக்டரம்மா நிதானமாகச் சொன்னார். "தாராளமா கொடுங்க. ஆனா அது வேற யாருக்காச்சும்தான் போகும். உங்க தங்கச்சிக்கு ஏத்த மாட்டோமுங்க."

"குரூப்பு ஒண்ணுதானுங்களே?"

"குரூப்பு ஒண்ணுதானுங்க. கூடப் பொறந்தவருங்கறதுதான் வம்பே. உங்க ரத்தத்துல இருக்கற வெள்ளணுவை இவங்க ஒடம்பு வேத்தாளுன்னு கண்டுபிடிக்காம உள்ள விட்டுரும். அது தங்கிப்போயி இவங்க ஒடம்பையே தாக்கலாம். அபூர்வந்தான். வந்துட்டா காப்பாத்தறது கஷ்டமுங்க. அப்படி ஆகாம ரத்தத்தைப் பக்குவம் பண்ற மெஷினும் இங்க இல்லீங்க."

"அப்ப எங்க ஊட்டுக்காரரு?" என்றேன் நான். அவரும் பி பாசிட்டிவ்தான்.

"அவரோடதும் வேண்டாமுங்க. கொழந்தை பெத்தவங்களுக்குப் புருசன் ரத்தம் சில சமயம் ஒத்துக்காது."

எனக்குத் தலை சுற்றியது. ரத்தம் குறைந்ததாலா, இந்தப் பேச்சாலா என்று தெரியவில்லை. கோபம் பொத்துக்கொண்டு வந்தது.

"என்ன கூத்துங்க இது? அண்ணன் ஆகாது, புருசன் ஆகாது, முன்னப்பின்னத் தெரியாதவன் மட்டும் ஆவானுங்களா?"

"ஆவாருங்க. நோய்நொடி இருக்குதான்னு சோதிச்சாச்சு. உங்க ரத்தத்தோட சேத்துப் பாத்துட்டுத்தான் ஏத்துவோம்."

"அது யாரு ரத்தமுங்க? எந்த ஊரு? என்ன ஆளுங்க?" அண்ணன் விடவில்லை.

"அதெல்லாம் சொல்ல மாட்டோமுங்க" என்று டாக்டரம்மா எழுந்துவிட்டார்.

அண்ணன் கொடுத்தார், யாருக்கோ. கையில் பஞ்சு ஒட்டிக்கொண்டு வந்து என் கட்டிலருகே நின்றார். தட்டை மறுபடி கையில் எடுத்திருந்தார்.

"உன்ர கண்ணாலத்துக்குச் செஞ்சேன், புள்ளைங்க காதுகுத்துக்குச் செஞ்சேன். உசுருன்னு வாரப்ப நான் ஆவமாட்டேங்கறாங்க அம்மணி. அப்பறம் என்னத்துக்கு நான் கூடப் பொறந்தவன்?"

டாக்டரம்மா சொன்னது புத்திக்கு ஏறியது, மனசுக்கு ஏறவில்லை. ஒரே ரத்தம், ஒரே ரத்தம் என்று சொல்லித்தானே எங்களை வளர்த்தார்கள். ஒன்றாக இருப்பதே ஆபத்தென்றால் நான் எதைப் பிடித்துக்கொள்வது?

நர்ஸ் பையைக் கொண்டுவந்து மாட்டினாள். கருஞ்சிவப்பாக, சில்லென்று இருந்தது. ஊசி இறங்கியதும் அண்ணனைப் பார்த்தேன்.

"பயமா இருக்குதுங்கண்ணா. பக்கத்துலயே இருங்க."

தட்டைக் கட்டிலுக்கடியில் தள்ளிவிட்டு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். என் இன்னொரு கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். பையை மட்டும் நிமிர்ந்து பார்க்கவே இல்லை. அவருக்கும் எனக்கும் நடுவே வேறொருவர் வந்து நிற்பது போல முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தார்.

பாதிக்கு மேல் இறங்கியிருக்கும். என் பயம் தணிந்திருந்தது. அண்ணன் என் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தார். லேசாக நிறம் வந்திருந்ததோ என்னவோ. அப்போதுதான் தலையைத் தூக்கிப் பையைப் பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

"யாரு பெத்த புள்ளையோ" என்றார். "நல்லா இருக்கோணும் சாமி."

எனக்கு அழுகை பீறிட்டது. நர்ஸ் ஓடிவந்து எங்கே வலிக்கிறது என்று கேட்டாள். எனக்குச் சொல்லத் தெரியவில்லை.