பின்னோக்கி ஓடிய போகி

மந்தைவெளி கோமளம் மாமிக்கு டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் முப்பது வருட வேலை. யார் யாரோடு பேச வேண்டுமென்றாலும் நொடியில் இணைத்து வைப்பாள். சொந்தப் புருஷன் அனந்தராமனோடு மட்டும் லைன் சரியாகக் கிடைக்கவே இல்லை.

அவர் ஓவியர். அறுபதுகளில் ஏழெட்டுப் பேராகச் சேர்ந்து ஒரு கலகக் கூட்டம் வைத்திருந்தார்கள். சாமி படம் கூடாது, இயற்கைக் காட்சி கூடாது, பெண்டாட்டி முகம் கூடவே கூடாது. வருடம் முழுக்க வரைந்ததை யாருக்கும் விற்காமல், போகியன்று பாலவாக்கம் கடற்கரையில் கொளுத்திவிட வேண்டும். நல்ல கொள்கைதான், சம்பளம் வாங்கும் பெண்டாட்டி வாய்த்தவர்களுக்கு! ஒவ்வொரு போகிக்கும் மண்ணெண்ணெய் பாட்டிலை எடுத்துக் கொடுத்ததே மாமிதான். அறை காலியானால் பெருக்கித் துடைக்கலாமே. பூட்டிய அறைக்குள் என்ன வரைந்தார் என்று அவர் காட்டியதில்லை. "உனக்குப் புரியாது" என்பார். அவர் போய்ப் பத்து வருடம் ஆகியும், அந்த அறைக்குள் தனக்கு ஏதாவது இடம் இருந்ததா என்ற கேள்வி மாமியை அரித்துக்கொண்டே இருந்தது.

தொண்ணூற்று நாலில், அடையாறில் சினிமா படித்த ஸ்ரீநாத் என்ற பையன் அந்தக் கூட்டத்தைப் பற்றி ஒரு படம் எடுத்தான். அதில் கதையும் கிடையாது, வசனமும் கிடையாது. முடித்ததும் ப்ரொஜெக்டரை மாமி வீட்டுக்கே தூக்கிவந்து, ஜன்னல்களைச் சாத்தி, சுவரில் வேட்டியைக் கட்டி ஓட்டினான். கூட்டத்தில் ஒருவரான ஷரஃபுதீன் அந்தக் காலத்தில் எடுத்த போகிக் காட்சி அதில் இருந்தது. அதை முடிவிலிருந்து தொடக்கத்துக்கு ஓடும்படி வைத்திருந்தான் ஸ்ரீநாத்.

புகை வானத்திலிருந்து இறங்கி வந்து தீக்குள் புகுந்தது. சாம்பல் கூடிக் கூடித் துணியாயிற்று. துணியில் கருமை விலகி ஒரு முகம் தெரிந்தது. காதில் ஹெட்போன், கன்னத்தில் சரிந்த முடி, யாருக்கோ பதில் சொல்லப் போகும் வாய். மாமி முன்னால் குனிந்து பார்த்தாள். அவள்தான். ஓவியம் தீயிலிருந்து எழும்பி, இளவயது அனந்தராமன் கையில் போய்ச் சேர்ந்தது. கூட்டாளிகள் கண்ணில் படாமல் அதை மார்போடு அணைத்துக்கொண்டு, அவர் அப்படியே பின்னால் நடந்து போனார்.

"டேய் ஸ்ரீநாத், அந்த மூஞ்சி தெரியறதே, அங்கே நிறுத்தேன்."

"நிறுத்தினா பல்ப் சூட்டுல ஃபிலிம் பொசுங்கிடும் மாமி. வேணும்னா நேரா ஓட்டிக் காட்டட்டுமா?"

"வேண்டாம்டா. நேரா ஓட்டினா மறுபடி எரிச்சுடுவார்." மாமி தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "இப்படியே போட்டுண்டு இரு. அவர் என்னை எடுத்துண்டு போகட்டும்."