டாக்டர் பெஸோர் என்று யாரும் இல்லை

பெஸோர் என்பவர் ஒரு ஜெர்மன் டாக்டர் என்றுதான் முதலில் நம்பினேன். நரைத்த தாடி, வட்டக் கண்ணாடி, யாரைப் பார்த்தாலும் திருப்தியில்லாத ஒரு முகம். அவர் கண்டுபிடித்த வியாதிதான் எனக்கு வந்திருக்கிறது என்று தீர்மானமாகிவிட்டது. கண்டுபிடித்தவர் பெயரைத் தாங்கி வரும் வியாதிக்கு மருந்து கிடையாது என்பது என் நெடுநாள் அபிப்பிராயம். சளி, இருமல், சேற்றுப்புண் எதற்கும் யார் பெயரும் இல்லை. அவை தாமாக வந்து தாமாகப் போகின்றன. ஒரு வெள்ளைக்காரர் மெனக்கெட்டுத் தன் பெயரை வைத்துவிட்டார் என்றால் அது போகாத வியாதி என்று அர்த்தம்.

இந்த ஆராய்ச்சியை நான் செய்தது இடது பக்கமாக ஒருக்களித்துப் படுத்துக்கொண்டு. வாயில் ஒரு பிளாஸ்டிக் வளையம். அதன் வழியாக வயிறு வரைக்கும் ஒரு டியூப்.

புதுவயலில் ஓர் அரிசி ஆலையில் விற்பனை பார்க்கிறேன். லாரி கிளம்பியதா, லோடு போய்ச் சேர்ந்ததா, கடைக்காரர் ஏன் போனை எடுக்கவில்லை என்று கேட்டுக்கொண்டிருப்பது வேலை. மிச்ச நேரத்தில் சுற்றி இருப்பவர்களைக் கேலி செய்வேன். ஆலையில் யாராவது தலைவலி என்று உட்கார்ந்தால், "இருக்குற எடத்துலதானடா வலிக்கும், ஒனக்கு எப்புட்றா?" என்று கேட்பேன். ஆகவே எனக்கு ஏதாவது வராதா என்று பல பேர் பல வருஷமாகக் காத்திருந்தார்கள்.

வந்தது. பொங்கல் கழிந்து கொஞ்ச நாளில் இரண்டு இட்லி சாப்பிட்டாலே கல்யாணப் பந்தியில் மூன்று தரம் உட்கார்ந்து எழுந்த மாதிரி ஆயிற்று. மேல்வயிற்றில் ஒரு பாரம். நான் விட்ட ஏப்பத்துக்கு ஆலை வாசலில் படுத்திருந்த நாய் எழுந்து வேறு இடம் பார்த்துப் போனது. காரைக்குடிக்கு வாரத்தில் ஒருநாள் மதுரையிலிருந்து ஒரு வயிற்று டாக்டர் வருவார். அவரிடம் போனோம். தொண்டையில் மருந்தடித்து மரத்துப்போக வைத்து, டியூபை உள்ளே விட்டு, எதிரே இருந்த டிவியில் என் வயிற்றைப் பார்த்தார்.

"இங்க பாருங்க சிஸ்டர். பெஸோர். நல்லா பெருசா வளந்திருக்கு. ரொம்ப நாளாச்சு இப்படி ஒண்ணப் பாத்து."

அவர் குரலில் சந்தோஷம் இருந்தது. டாக்டர் சந்தோஷப்படும் வியாதி நமக்கு நல்லதில்லை. சிஸ்டரும் எட்டிப் பார்த்து, "ஆமா சார்" என்று ஆச்சரியப்பட்டார். ஊர்த் தேர் பார்க்கிற மாதிரி இரண்டு பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். டியூபை எடுத்ததும் நான் என்னவென்று கேட்டேன். கேட்டதாக நினைத்தேன். "ஆ... ஆஆ" என்றுதான் வெளியே வந்தது.

"இப்பப் பேசாதீங்க. வெளிய உக்காருங்க, எல்லாரையும் முடிச்சிட்டுக் கூப்பிடுறேன்" என்றார் டாக்டர்.

வெளியே என் மனைவி பதற்றமாக எழுந்து வந்தாள். "என்ன சொன்னாக?"

மரத்த நாக்கை வைத்துக்கொண்டு, "பெ... ஓர்" என்றேன்.

"பேரா? பேரு கேக்கவா இம்புட்டு நேரம் உள்ள வச்சிருந்தாக?"

பதில் சொல்ல முடியாமல் போனை எடுத்தேன். காதில் விழுந்ததை இங்கிலீஷில் எப்படி எழுதுவது? ஒரு மாதிரி எழுதினேன்; போன் அதைத் திருத்தி, பஜாரா என்று கேட்டு, காரைக்குடியில் எந்தெந்தக் கடை எத்தனை மணி வரை திறந்திருக்கும் என்று காட்டியது. எழுத்தை மாற்றி மாற்றிப் போட்டதில் கடைசியாகச் சரியான சொல் வந்தது. டாக்டர் பெஸோர் என்று யாரும் இல்லை என்பதும் தெரிந்தது. உலகத்தில் ஒரு ஜெர்மன்காரர் குறைந்தார். நிம்மதியாக இருந்தது. பிறகு அந்தச் சொல்லுக்குத் தமிழில் என்ன என்று தட்டினேன்.

கோரோசனை.

நாட்டு மருந்துக் கடையில் அரிசிமணி அளவு வாங்கி, உரசி, கைக்குழந்தை நாக்கில் தடவுவார்களே, அந்தக் கோரோசனை. மாட்டின் பித்தப்பையில் விளைகிற கல். ஆனால் எங்கள் பேச்சில் அதற்கு இன்னொரு பொருளும் உண்டு. தலைக்கனம் பிடித்தவனை 'கோரோசனை பிடிச்சவன்' என்போம். யோசிக்காமல் போனை மனைவியிடம் நீட்டிவிட்டேன். அவள் படித்தாள். என்னைப் பார்த்தாள். மறுபடி படித்தாள்.

"ஒங்களுக்குக் கோரோசனை இருக்குன்னு கல்யாணம் ஆன நாள்லருந்து நானுந்தான் சொல்லிக்கிட்டு இருக்கேன். இதுக்கு மதுரைலருந்து டாக்டர் வரணுமாக்கும்?"

பக்கத்து நாற்காலியில் வயிற்றுவலி என்று வந்திருந்த ஓர் அம்மா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். திருப்பிச் சொல்ல எனக்கு நாக்கு இல்லை. அந்த நேரம் பார்த்து வேறொரு நினைப்பு வந்தது. கோரோசனையை மாட்டிடமிருந்து எடுப்பது மாடு செத்த பிறகு. உயிரோடு இருக்கிற மாட்டிலிருந்து யாரும் எடுத்ததாகக் கேள்விப்பட்டதில்லை.

டாக்டர் கூப்பிட்டபோது நாக்கு பாதி திரும்பியிருந்தது. "கோரோசனையா சார்?" என்றேன்.

"அது மாட்டுப் பித்தப்பைல. இது வேற. உங்க இரைப்பைல நாரு நாராச் சேந்து உருண்டை கட்டியிருக்கு. செரிக்காதது ஏதாவது நிறையச் சாப்பிட்டீங்களா?"

நான் யோசிப்பதற்குள் மனைவி முந்திக்கொண்டாள். "பனங்கிழங்கு சார். பொங்கலுக்கு வாங்குன கட்டு அம்புட்டும் இவுகதான். அப்பறமும் சந்தைக்குப் போறப்பல்லாம் வாங்கிட்டு வந்தாக."

"மென்னு சாப்பிட்டீங்களா?"

மார்கழியில் இரண்டு பக்கமும் கடைவாய்ப் பல்லைப் பிடுங்கியிருந்தேன். பல் கட்டப் போகிறேன், போகிறேன் என்று போகவில்லை. பனங்கிழங்கை ஒழுங்காகத் தின்பவர்கள் தோலை உரித்து, இரண்டாகப் பிளந்து, நாரைக் கிழித்துப் போட்டுவிட்டுத் தின்பார்கள். நான் பேசிக்கொண்டே தின்பவன். வாய்க்கு இரண்டு வேலை கொடுத்தால் ஒன்றைத்தான் அது சரியாகச் செய்யும். என் வாய் எப்போதும் பேச்சைத்தான் தேர்ந்தெடுக்கும். கிழங்கும் நாருமாக அப்படியே உள்ளே போயிருக்கிறது.

"சர்க்கரை இல்லைல்ல? சரி, ஒரு வாரம் கோலா குடிங்க" என்றார் டாக்டர்.

"மருந்து பேரா சார்?"

"கடைல விக்கிற கறுப்புக் கலர்தாங்க. நாள் பூரா கொஞ்சம் கொஞ்சமா. அது நார இளக்கும். சில பேருக்குக் கரைஞ்சே போயிரும். கரையலேன்னா அடுத்த வாரம் டியூப் விட்டு உடைச்சுப் பாக்குறேன். அதுக்கும் அசையலேன்னா மதுரைக்கு வந்துருங்க. வயித்தத் திறந்து எடுத்துரலாம்."

மூட்டையைப் பிரித்து மாதிரி அரிசி எடுப்பது போலச் சொன்னார். அதைவிட அந்தக் கலர்தான் எனக்கு உறைத்தது. கலரை வீட்டுக்குள்ளேயே விடாதவள் என் மனைவி. அவள் எதிரிலேயே, படித்த டாக்டர், இஷ்டத்துக்குக் கலர் குடி என்கிறார் என்றால்? சாகப்போகிறவன் கேட்டதை வாங்கிக் கொடுக்கச் சொல்வார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறேன். நான் கேட்கக்கூட இல்லையே, அதற்குள் கொடுக்கச் சொல்லிவிட்டாரே என்று பேருந்து நிலையம் வரைக்கும் கலங்கிக்கொண்டே வந்தேன்.

பேருந்து நிலையத்தை ஒட்டி என் சிநேகிதனின் மளிகைக் கடை. சவுதியில் பல வருஷம் இருந்துவிட்டு வந்தவன். நான் இந்து, அவன் முஸ்லிம். பள்ளிக்கூடத்திலிருந்து மச்சான் முறை. பாட்டில்களை அடுக்கி வைத்துக்கொண்டே விசாரித்தான். போனில் இருந்ததைப் படித்துக் காட்டினேன். இந்தச் சொல் இங்கிலீஷே இல்லையாம். பாரசீகத்தில் பாத்ஸஹர். அது அரபிக்குப் போய், அங்கிருந்து ஐரோப்பாவெல்லாம் சுற்றிப் பெஸோர் ஆயிற்றாம்.

"இரு, இரு. ஸஹரா? ஜஹர்னா வெஷம் மச்சான்!" என்றான். "ரூம்ல கூட இருந்த பாகிஸ்தான்காரய்ங்க சோறு நல்லால்லேன்னா அதத்தான் சொல்லுவாய்ங்க."

விஷம் என்றதும், அவன் திறந்து கொடுத்த கோலா பாட்டிலைக் கீழே வைத்துவிட்டேன். "பாதியப் படிச்சிட்டு நிப்பாட்டாத. முன்னாடி இருக்குற 'பாத்' என்னன்னு பாரு" என்றான்.

பார்த்தேன். காப்பது என்று போட்டிருந்தது.

"வெஷத்தக் காக்குறதா, வெஷத்துலருந்து காக்குறதா?" என்று நானே கேட்டேன். ஒரு வேற்றுமை உருபில் என் உயிர் தொங்கிக்கொண்டிருந்தது.

"வெஷத்தக் காக்க அது என்ன பேங்க்கா? வெஷமுறிவுடா. குடி."

பாரசீகத்துப் 'ப' அரபியில் வேறு 'ப' ஆனதற்கும் அவனே காரணம் சொன்னான். அரபிக்காரர்களுக்குப் 'பம்பரத்'தின் முதல் எழுத்து வாயில் வராதாம், நடு எழுத்துதான் வருமாம். சொல்லியும் காட்டினான். அதை இங்கே எழுதிக் காட்ட முடியாது. நமக்கு இரண்டுக்கும் ஒரே எழுத்துதான்.

அந்த வாரம் முழுக்க நான் செய்தது இரண்டே வேலை. கலரைக் குடித்தேன், பெஸோரைப் படித்தேன். முதலில் அது விஷமுறிவு மருந்து. பிறகு அந்த மருந்துக்காகக் காட்டு ஆட்டின் வயிற்றிலிருந்து எடுத்த கல். பிறகு அந்த ஆட்டுக்கே அது பெயராயிற்று. ராஜாக்கள் கல்லைத் தங்கத்தில் கட்டி, குடிக்கிற கோப்பையில் முக்கி எடுத்துவிட்டுத்தான் குடித்தார்களாம். ஒரு ராஜா தன்னிடம் இருந்த கல் நிஜமானதா என்று பார்க்க, தூக்குத் தண்டனை விழுந்த சமையல்காரன் ஒருவனுக்கு விஷத்தைக் கொடுத்து, பின்னாலேயே கல்லையும் கொடுத்தாராம். சமையல்காரன் செத்துப் போனான். அன்றைக்கு அதற்கு மேல் நான் படிக்கவில்லை.

ஆலையில் என் கேலியைப் பல வருஷத்து வட்டியோடு எனக்குத் திருப்பிக் கொடுத்தார்கள். எங்கள் ஆலையில் அரிசியிலிருந்து கல்லைப் பிரிக்கிற மெஷின் ஒன்று உண்டு. அதை ஓட்டுகிறவன் என்னைப் பார்த்ததும் மெஷினை நிறுத்திவிட்டான்.

"எதுக்குண்ணே மதுரை? பேசாம இதுல ஏறிப் படுங்க. அரிசி இங்குட்டு வந்துரும், கல்லு அங்குட்டுப் போயிரும்."

"நான் எங்குட்டுடா போவேன்?"

"நீங்க தவிட்டோட போயிருவீக."

லாரி டிரைவர்கள் 'கோரோசனை வாராக' என்று வழிவிட்டார்கள். ஆட்டுக்கு வந்த கதிதான். வயிற்றில் இருந்ததே பெயராகிவிட்டது. நானும் சிரித்தேன். வேறு வழியில்லை.

இடையில் ஒருநாள் பிள்ளையார்பட்டிக்குப் போய் வேண்டிக்கொண்டோம். அந்த வயிற்றின் முன்னால் நின்று என் வயிற்றுப் பாரத்தைச் சொல்ல எனக்கே கூச்சமாக இருந்தது. மனைவி கண்ணை மூடி வெகுநேரம் நின்றாள். வெளியே வந்ததும் கைப்பையிலிருந்து பாட்டிலை எடுத்து, "ம், குடிங்க" என்றாள். அவள் கையால் நான் கலர் வாங்கிக் குடிப்பேன் என்று யாராவது முன்பே சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

டாக்டர் வருகிற நாளுக்கு முந்தின சாயங்காலம் வீட்டுக்குள் நுழைந்தபோது, கதவோரம் ஒரு பை இருந்தது. மேலே இருந்த துண்டை விலக்கிப் பார்த்தேன். இரண்டு கைலி, பிளாஸ்க், தம்ளர், என் ரத்தக்கொதிப்பு மாத்திரை, அவளுக்கு ஒரு போர்வை. மதுரைக்குப் போக வேண்டியிருந்தால் என்று எடுத்து வைத்திருந்தாள். என்னிடம் எதுவும் சொல்லவில்லை. ஏதாவது கேலியாகச் சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். ஏப்பம்தான் வந்தது.

"கரையுதா?" என்று அடுப்படியிலிருந்து கேட்டாள்.

"தெரியலயே."

"பாட்டில்ல மிச்சம் இருக்கா?"

"இருக்கு."

"குடிச்சிருங்க."

மறுநாள் மறுபடியும் அதே பிளாஸ்டிக் வளையம், அதே டியூப். போகும்போது அந்தப் பையும் கூட வந்தது. இந்தத் தடவை டாக்டரின் குரலில் சந்தோஷம் இல்லாததைக் கவனித்தேன். அதுவே எனக்குத் தெம்பாக இருந்தது. கொஞ்ச நேரம் உள்ளே ஏதோ குடைந்தார். பிடுங்கினார். என் கண்ணிலிருந்து நீர் வழிந்தது. சிஸ்டர் துடைத்துவிட்டார்.

உருண்டை முழுக்கக் கரைந்திருக்கவில்லை. ஊறி இளகியிருந்தது. டியூப் வழியாகவே கம்பி விட்டு அதை உடைத்தார். சில துண்டுகளை வெளியே எடுத்தார், மிச்சம் தானாகக் கீழே போய்விடும் என்றார், போய்விட்டது. வயிற்றைத் திறக்கவில்லை. எடுத்ததை ஒரு கிண்ணத்தில் போட்டு எங்களிடம் காட்டினார்கள். பழுப்பு நிறத்தில், ஈரமாக, பனங்கிழங்கு நார். வீட்டுக்கு வந்ததும் மனைவி பையிலிருந்த கைலிகளை எடுத்துப் பீரோவில் வைத்தாள். அடுத்த வாரம் நான் பல் கட்டிக்கொண்டேன்.