ஐயா போட்ட சத்தம்

ரப்லெற் திரையில் கார்ட்டூன் வீரன் ஒருவன் ஒற்றைக் காலை முன்னே ஊன்றி, கையை விரித்து, கண்ணை உருட்டியபடி அப்படியே உறைந்து நின்றான். அந்த நொடியில் ஐயா அடித்தொண்டையிலிருந்து ஒரு பெயரைக் கத்தினார் பாருங்கள், என் கையிலிருந்த தட்டு நழுவிவிட்டது. ஸ்காபரோவின் அஜின்கோர்ட் பகுதியில் நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தின் சாப்பாட்டு அறையே திரும்பிப் பார்த்தது. ஜப்பானிலிருந்து வந்த அந்த மனிதரை நான் மட்டும்தான் ஐயா என்று கூப்பிடுவேன். அன்றுவரை அவர் ஒரு வார்த்தை பேசி நான் கேட்டதில்லை. கத்திவிட்டுச் சின்னப் பிள்ளைபோலச் சிரித்தார்.

ஞாயிறுதோறும் அந்த ரப்லெற்றோடு வரும் அவருடைய மகள்தான் விளக்கம் சொன்னாள். அவர்களுடைய பழைய நாடகமான கபுகியில், கதை உச்சத்துக்கு வரும்போது நடிகர் இப்படித்தான் உறைந்து நிற்பாராம். அந்தக் கணத்தில் பின்வரிசையிலிருக்கும் தேர்ந்த ரசிகர்கள் அவருடைய கலைக்குடும்பத்தின் பெயரைச் சொல்லிக் கத்துவார்களாம். இளவயதில் ஐயா அதற்குப் பேர்போனவராம். கார்ட்டூன்காரர்கள் அந்த நிற்பை மேடையிலிருந்துதான் எடுத்தார்கள், அப்பாவுக்கு அது இன்னும் மேடைதான் என்றாள்.

அடுத்தடுத்த வாரங்களிலும் ஐயா கத்தினார். ஒருநாள் பக்கத்து மேசை மூதாட்டி திடுக்கிட்டு, சுடச்சுட இருந்த சூப்பை மடியில் ஊற்றிக்கொண்டார். அவருடைய வீட்டார் முறையிட்டதில் பிழை சொல்ல முடியாது. டொக்டர் அதைப் பதற்றம் என்று முடிவுகட்டி மாத்திரை எழுதினார். அது நோயில்லை, ரசனை என்று தலைமை நேர்ஸிடம் மன்றாடினேன். படத்தில் ஹீரோ வரும்போது விசிலடிக்கிறவர்களுக்கெல்லாம் மாத்திரை கொடுத்தால் ஸ்காபரோத் தியேட்டரில் ஒருத்தரும் மிஞ்சமாட்டார்கள்! அறையிலாவது பார்க்கட்டும் என்றேன். அறையில் படுத்த படுக்கையாக இன்னொருவர் இருந்தார். கூட்டிக்கொண்டு போகவும் வேறெங்கும் இடமில்லை என்று மகள் அழுதாள். கூட வேலை செய்யும் பிள்ளை என்னைத் தேற்றினாள்.

“அக்கா, உந்த விசயத்தைத் தலையில போட்டுக்கொண்டு திரியாதேங்கோ. எங்கட கையில ஒண்டுமில்லை.”

“ஓம், தெரியும். அதுதான் வயிறெரியுது” என்றேன்.

இப்போது சாப்பாட்டு அறை அமைதியாக இருக்கிறது. எல்லோருக்கும் திருப்தி. நேர்ஸ் மாத்திரையைத் தூளாக்கி அப்பிள் மசியலில் கலந்து தருவார். ஊட்டுவது நான். போன ஞாயிறு மகள் மறுபடியும் ரப்லெற்றை அவர் முன்னால் வைத்தாள். வீரன் உறைந்து நின்றான். ஐயாவின் வாய் மெல்லத் திறந்தது. நானும் மகளும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தோம். சத்தம் வரவில்லை. அவருடைய கண் என் கையிலிருந்த கரண்டியில் இருந்தது. மகள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நான் ஊட்டினேன்.