எனக்குக் காய்ச்சல் இல்லை

"ஒங்க நோயப் பத்தி நீங்களே பத்திரிகைக்கு எழுதுறீங்களே அப்பா, வெக்கமா இல்லையா?" என்று கேட்டீர்கள், பிள்ளைகளே. சில மாதம் மனம் நிற்காமல் ஓடும். சில மாதம் எழும்பவே மறுக்கும். இதற்கு இருமுனை மனநோய் என்று பெயர் இருப்பது எனக்கு நாற்பது வயதில்தான் தெரிந்தது. எங்கள் சித்திக்கு அந்தப் பெயர் தெரியாமலே போய்விட்டது.

அப்போது எனக்கு ஒன்பது வயது. இலங்கை மலைநாட்டில் ராகலைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில், தொழிலாளர் வரிசை வீடான லயத்தின் ஒற்றைக் காம்பராவில், அம்மாவின் தங்கையான சித்தியும் எங்களோடு இருந்தார். அந்த மாதம் சித்தி பறந்தார். மற்றவர்கள் பாதி நிரை போவதற்குள் கூடை நிறையக் கொழுந்து எடுத்துவிடுவார். எங்கள் சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தவர், கேட்காமலே பக்கத்து வீட்டுச் சுவருக்கும் அடித்தார். இருந்த ஒரே நல்ல சேலையை யாருக்கோ கொடுத்தார். பேச்சு நிற்கவே இல்லை. எனக்கு அது திருவிழா.

பிறகு ஒரு காலை, வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டுக்குத் தப்பு அடித்தும் சித்தி எழும்பவில்லை. மறுநாளும் இல்லை. கங்காணி வாசலில் நின்று கத்தினார்.

"ஏ புள்ள, போன வாரம் றெக்க கட்டிப் பறந்த, இப்ப என்ன நோவு? நாளைக்குள்ள டாக்டர் ஐயாக்கிட்ட சீக்குன்னு துண்டு எழுதி வாங்கல, பேர வெட்டிருவேன்!"

சித்தி படுத்தபடியே என் கொப்பியில் ஒரு தாளைக் கிழித்து, டாக்டர் ஐயாவுக்குப் பென்சிலால் எழுதி என்னிடம் கொடுத்தனுப்பினார். தேயிலைக்குள் இறங்கும் குறுக்குப் பாதையில் நின்று வாசித்தேன்.

'ஐயா, எனக்குக் காய்ச்சல் இல்லை.
மனசு ஓடினால் நிற்க மாட்டேன் என்கிறது. விழுந்தால் எழும்ப மாட்டேன் என்கிறது. இது சோம்பல் இல்லை, நோய். துண்டு தாங்க.'

எனக்குக் காது சுட்டது. பள்ளிக்கூடத்தில் 'பைத்தியக்காரி வீட்டுப் பய' என்பார்களே! விரலில் எச்சில் தொட்டு, முதல் வரியில் இருந்த 'இல்லை'யை அழித்தேன். கீழ் வரிகளைக் கிழித்துக் காற்சட்டைப் பைக்குள் திணித்தேன். 'ஐயா, எனக்குக் காய்ச்சல்' என்பது மட்டும் மிஞ்சியது. சித்தியைக் காப்பாற்றிவிட்ட பெருமையோடு ஓடினேன்.

லயத்தில் காய்ச்சல் என்றால் பரவிவிடும் என்று பயம். அதனால் டாக்டர் ஐயா துண்டு எழுதாமல், காய்ச்சல் பார்க்கும் கருவியோடு நேரே வீட்டுக்கே வந்துவிட்டார்.

"ஏம்மா, ஒடம்பு பச்சத்தண்ணியா இருக்கு. காய்ச்சல்னு எழுதி அனுப்புறியே?"

"நான் அப்பிடி எழுதலைங்க ஐயா."

"அப்ப இது யாரு எழுத்து?"

சித்தி தாளைப் பார்த்தார். அழிந்த இடத்தைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"என் எழுத்துத்தாங்க" என்றார்.

துண்டு கிடைக்கவில்லை. மறுநாள் கொட்டும் மழையில், சுவரைப் பிடித்துப் பிடித்து எழுந்து பெரட்டுக்குப் போனார். அன்று கங்காணி வைத்த 'காய்ச்சல்காரி' என்ற பட்டம் கடைசிவரை அவரை விடவில்லை.

சாயங்காலம் ஈரச் சேலையோடு வந்து என் எதிரில் உட்கார்ந்தார்.

"கிழிச்சத வாசிச்சியாடா?"

"வாசிச்சேன் சித்தி."

"முழுசுமா?"

தலையாட்டினேன்.

"போகுது. ஒருத்தனாச்சும் வாசிச்சிருக்க."

சிரித்துக்கொண்டே என் தலையைத் தடவினார். அடி விழப்போகிறது என்று நின்றிருந்த எனக்கு, அதில் சந்தோஷப்பட என்ன இருக்கிறது என்று அன்று விளங்கவில்லை.