எஸ்போசித்தோ என்ன ஆக்கள்?

தங்கச்சி ஒரு வெள்ளைக்காரப் பெடியனைக் கட்டப்போகிறாள் என்று சொன்னபோது அப்பா கோபிக்கவில்லை. தொலைக்காட்சியை நிறுத்தினார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு ஒரேயொரு கேள்வி கேட்டார்.

"என்ன ஆக்கள்?"

ஊரில் எங்கள் பக்கத்தில் இந்தக் கேள்விக்கு ஒரே பொருள்தான். சாதி. ரொறன்ரோவின் மோர்னிங்சைட்டில் பதினோராம் மாடியில், வெளியே பனி கொட்டிக்கொண்டிருக்க, இத்தாலிய வீட்டுப் பெடியன் ஒருவனைப் பற்றி ஒரு மனிதர் இதைக் கேட்பார் என்று நான் கனவிலும் நினைத்ததில்லை. வந்த ஆத்திரத்தில் தேத்தண்ணிக் கோப்பையை மேசையில் இடித்து வைத்தேன்.

"அப்பா, அவங்களுக்கு உதெல்லாம் இல்லை."

"எல்லாருக்கும் இருக்கு. அவங்கள் வெளியிலை சொல்லுறேல்லை, அவ்வளவுதான்."

தங்கச்சிக்கு வேண்டியது ஒன்றுதான்: அப்பா மணவறையில் வந்து நின்று தாரை வார்த்துக் கொடுக்க வேண்டும். அவர் வராவிட்டால் கலியாணம் இல்லை என்று பெடியனிடமே சொல்லிவிட்டாள். அவனும், பாவம், காத்திருக்கிறேன் என்றானாம்.

அவளுக்கு அப்பாவில் அப்படி ஒரு ஒட்டுதல். ஊரில் சண்டை நடந்த காலத்தில், பதினாறு வயதில் அவளைக் கொழும்புக்குக் கூட்டிக்கொண்டுபோய், ஆட்களைக் களவாக வெளிநாட்டுக்கு அனுப்பும் ஒரு ஏஜென்சிக்காரனின் கையில் பிடித்துக் கொடுத்தவர் அவர்தான். வேறொரு பிள்ளையின் பாஸ்போர்ட், வேறொரு பிள்ளையின் பெயர். வழியில் எங்கெங்கோ நிறுத்தி வைத்து, அவள் ரொறன்ரோவில் அக்காவான என்னிடம் வந்து சேர மாதக்கணக்காகிவிட்டது. அதுவரை அப்பா ஊருக்குத் திரும்பாமல் கொழும்பு லொட்ஜ் ஒன்றில் ரெலிபோனுக்குப் பக்கத்திலேயே கிடந்தார். அந்த நாட்களைப் பற்றி அவர் எங்கள் யாரிடமும் கதைத்ததில்லை. பல வருடம் கழித்து, தொண்ணூறுகளின் நடுவில், அம்மாவையும் அவரையும் நான் ஸ்பொன்சர் செய்து கூப்பிட்டேன். விமான நிலையத்தில் தங்கச்சியின் கையைப் பிடித்தவர் வீடு வரும்வரை விடவில்லை.

அப்படிப்பட்ட மனிதர்தான் இப்போது ஆக்கள் கேட்டார்.

அடுத்த நாளே நூலகத்துக்குப் போனார். ஊரில் தபால் கந்தோரில் எழுதுவினைஞராக வேலை பார்த்தவர். ஆங்கிலம் பேசத்தான் கூச்சம், வாசிக்கக் கூச்சமில்லை. இங்கிலீஷ்காரரின் குடும்பப் பெயர்களுக்கு அர்த்தம் சொல்லும் தடித்த புத்தகம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து சாப்பாட்டு மேசையில் விரித்தார். அன்றோடு எங்கள் நிம்மதி போனது.

"ஸ்மித் எண்டால் கொல்லன். நான் சொன்னனான்தானே. பேக்கர், பாண் போடுறவன். ரெயிலர், தையல்காரன். பொட்டர், குயவன். தொழிலைப் பேரிலேயே எழுதிக்கொண்டு திரியிறாங்கள், நீ இல்லையெண்டுறாய்."

"அது எத்தினையோ நூறு வருசத்துக்கு முந்தின கதையப்பா. இப்ப ஸ்மித் வங்கியிலை வேலை செய்யிறான். ஒருத்தரும் அவனிட்டைக் கத்தி தீட்டக் கேக்கிறேல்லை."

"எங்கடை ஆக்களும் இப்ப வங்கியிலைதான் வேலை செய்யினம். அதுக்காக மறந்து போச்சினமோ?"

அவர் பெருமையாகச் சொன்னாரா, சலித்துச் சொன்னாரா என்று எனக்குப் பிடிபடவில்லை. எழும்பிப் போய்விட்டேன்.

பிறகு கட்டடத்தில் இருந்தவர்களை எல்லாம் பேரை வைத்துச் சாதிவாரியாகப் பிரிக்கத் தொடங்கினார். ஜோன்சன் என்றால் ஜோனின் மகன் என்று வாசித்த அன்று, கட்டடத்தைப் பராமரிக்கும் ஜோன்சனில் அவருக்குத் திடீரென்று மரியாதை வந்தது. எங்களைப் போலத் தகப்பன் பேரைத்தான் பின்னால் வைத்திருக்கிறார், ஒழுங்கான மனுசன் என்றார். கிளார்க் என்றால் எழுதுவினைஞன் என்று கண்டுபிடித்ததும் எங்கள் குடும்ப வைத்தியர் கிளார்க்கைத் தன் சொந்தக்காரர் போலவே பேசத் தொடங்கிவிட்டார்.

"உந்த மனுசனுக்கு விசர் முத்திப்போச்சு," என்று அம்மா குசினியில் இருந்தபடியே தீர்ப்புச் சொன்னார்.

நல்ல காலத்துக்குப் பெடியனின் குடும்பப் பெயர் அந்தப் புத்தகத்தில் இல்லை. எஸ்போசித்தோ. அப்பா வேறு புத்தகம் தேடிப் போகும் முன்னர் நான் முந்திக்கொள்ள நினைத்தேன். பெடியனும் தங்கச்சியும் பிறம்ரனில் ஒரே வெயார்ஹவுஸில் வேலை. ஒரு நாள் அவளை இறக்கிவிட வந்தவனைக் காரடியில் நிறுத்திக் கேட்டேன். அவன் ஒளிக்காமல் சொன்னான்.

அந்தக் காலத்தில் நேப்பிள்ஸ் பக்கத்தில், வளர்க்க வழியில்லாத தாய்மார் பச்சைக் குழந்தையைக் கொண்டுபோய், தேவாலயச் சுவரில் பதித்திருக்கும் சுழலும் பெட்டியில் வைப்பார்களாம். மணியை அடித்துவிட்டுப் போய்விடுவார்களாம். உள்ளே இருக்கும் கன்னியாஸ்திரிகள் பெட்டியைத் தங்கள் பக்கம் திருப்பிக் குழந்தையை எடுப்பார்கள். தாய் தகப்பன் தெரியாத அப்படிப்பட்ட பிள்ளைகளுக்கு வைத்த பெயர்தான் எஸ்போசித்தோ. வெளியே வைக்கப்பட்டது என்று அர்த்தம். அவனுடைய பூட்டனுக்கும் முந்திய யாரோ ஒருவர் அப்படிக் கிடைத்த பிள்ளை. அங்கே தடுக்கி விழுந்தால் ஒரு எஸ்போசித்தோவின் மேல்தான் விழவேண்டும் என்று சொல்லிச் சிரித்தான்.

கொல்லன், குயவன் என்றிருந்தால் அப்பா நாலு நாள் புறுபுறுத்துவிட்டு அடங்கியிருப்பார். இவர்களோ என்ன ஆக்கள் என்று யாராலும் சொல்ல முடியாத ஆக்கள். சாதியாவது மண்ணாங்கட்டியாவது என்று வாய் கிழியக் கத்துகிற நானே, இதை அப்பாவிடம் எப்படி மறைப்பது என்றுதான் முதலில் யோசித்தேன்.

பெடியனின் வீட்டார் ரெக்ஸ்டேலில் இருந்தார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானச் சாப்பாட்டுக்கு எங்களைக் கூப்பிட்டார்கள். போகும் வழியில் நான் அப்பாவிடம் சொல்லி வைத்தேன்.

"அங்கை போய் உந்தக் கேள்வியைக் கேக்கப்படாது."

"நான் ஏன் கேக்கிறன்?"

கேட்டார். பெடியனின் தாய் அவருடைய தட்டில் இரண்டாம் முறையும் பாஸ்டாவைக் குவித்துவிட்டு உட்கார்ந்த நேரம், ஆங்கிலத்தில் ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தார். உங்கள் குடும்பப் பெயருக்கு என்ன அர்த்தம்?

அந்த மனுசிக்கு ஒரே சந்தோசம். பாதி இத்தாலியம், பாதி ஆங்கிலம், மிச்சம் கையால். குழந்தையை ஏந்திக் காட்டினார், பெட்டியைச் சுழற்றிக் காட்டினார், மணியை இழுத்துக் காட்டினார். அப்பாவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. என் பக்கம் திரும்பினார்.

"என்னவாம்?"

என்னிடம் பொய் தயாராக இருந்தது. பரம்பரையாத் தோட்டம் செய்த ஆக்களாம் அப்பா, எங்களைப் போலை. அவ்வளவு சொன்னால் போதும், மற்றது தானாக நடக்கும். நான் வாயைத் திறக்க முன்னர் தங்கச்சி முந்திவிட்டாள்.

"உள்ளதைச் சொல்லு அக்கா. ஒருக்கா நான் வேறை ஒருத்தியின்ரை பேரிலை வந்தது போதும்."

சொன்னேன். ஒன்றையும் விடாமல், தமிழில், மெதுவாகச் சொன்னேன். அம்மா சாப்பிடுவதை நிறுத்திவிட்டார். விளங்காமலேயே பெடியனின் தாயும் தகப்பனும் அப்பாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அப்பா கரண்டியைக் கீழே வைத்தார்.

"ஆர் எடுக்கினம் எண்டு தெரியாமலோ வைச்சிட்டுப் போறது?"

"ஓம் அப்பா. சுவருக்கு அங்காலை ஆர் நிக்கினம் எண்டு தெரியாது."

"பிறகு அந்தத் தாய்க்குத் தெரியவருமோ, பிள்ளை இருக்கோ இல்லையோ எண்டு?"

நான் ஆங்கிலத்தில் கேட்டேன். பெடியனின் தாய் தலையை ஆட்டினார். இல்லை, சாகும்வரை தெரியவராது.

"எனக்கெண்டாலும் கடைசியிலை ஒரு போன் வந்தது," என்றார் அப்பா.

அதைச் சொல்லிவிட்டு, முன்பின் தெரியாத வீட்டில், ஆறிய சாப்பாட்டுக்கு முன்னால் இருந்து அழுதார். அவர் அழுது நான் அதற்கு முன் பார்த்ததில்லை. பெடியனின் தாய் ஒன்றும் கேட்காமல் கதிரையை அவருக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டு இருந்தார். தங்கச்சியும் அழுதாள். கொஞ்ச நேரத்தில் அப்பா முகத்தைத் துடைத்துக்கொண்டு பெடியனைப் பார்த்துக் கேட்டார்.

"தம்பி, நாள் பாத்தாச்சோ?"

அவனுக்குத் தமிழ் தெரியாது. எனக்குத் தெரியும். வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது. திரும்பி வரும்போது நெடுஞ்சாலையில் நானும் தங்கச்சியும் ஒன்றுமில்லாததற்கெல்லாம் சிரித்தோம். பின்னால் இருந்த அப்பா, ஒழுங்காய்ப் பார்த்துக் காரை ஓட்டு என்று ஏசினார். அந்த ஏச்சும் இனித்தது.

கலியாணம் வைகாசியில் நடந்தது. அப்பா தாரை வார்த்துக் கொடுத்துவிட்டு மணவறையால் இறங்கி வந்தார். ஊரில் அவரோடு தபால் கந்தோரில் வேலை செய்த ஒருவர் அவரைத் தூணடிக்குத் தள்ளிக்கொண்டு போய்க் காதுக்குள் கேட்டார்.

"மாப்பிள்ளை வீடு என்ன ஆக்கள்?"

நான் பக்கத்தில் பூத்தட்டோடு நின்றேன். அப்பா ஒன்றும் யோசிக்கவில்லை.

"வந்து சேந்த ஆக்கள்," என்றார். "எங்களைப் போலை. வாரும், சாப்பிடுவம்."